கல்லூரிக்குச் செல்லும் முன்னாள் படைவீரருக்கு வீட்டு வாடகை உதவி உண்டா? விதிகள் சொல்வது என்ன

பீர்மேடு: படையில் பணி முடித்துத் திரும்பும் ஒருவர் முழுநேர மாணவராகக் கல்லூரியில் சேர விரும்பினால், அவர் படிக்கும் ஊரில் தங்குவதற்கான வாடகையை அரசு வழங்குமா? அமெரிக்காவில் இக்கேள்விக்கு 'வழங்கும்' என்று சட்டமே பதில் சொல்கிறது. கல்லூரி அமைந்துள்ள பகுதியின் வாடகை நிலவரத்தைக் கணக்கிட்டு மாதந்தோறும் தொகை அனுப்பப்படுகிறது. இந்தியாவில் மத்திய அரசிடம் அத்தகைய படி எதுவும் இல்லை. இங்குள்ள கல்வி உதவிகளில் பெரும்பாலானவை முன்னாள் படைவீரரின் பிள்ளைகளுக்கும் கணவரை இழந்த மனைவியருக்கும் உரியவை. படைவீரரே மாணவராக ஆகும் நிலையை அவை கருத்தில் கொள்ளவில்லை.

நெடுங்காலம் இது ஒரு குறையாகத் தோன்றாததற்குக் காரணம் உண்டு. பதினெட்டு, பத்தொன்பது வயதில் சிப்பாயாகச் சேர்ந்தவர் ஓய்வூதியத்துக்குத் தேவையான 15 ஆண்டுகளை நிறைவு செய்து, முப்பத்தைந்து வயதை ஒட்டியோ அதற்குப் பின்னரோ ஊர் திரும்புவார். அதற்குள் அவருக்குக் குடும்பம் இருக்கும். பிள்ளைகள் பள்ளியில் இருப்பார்கள். மாதந்தோறும் ஓய்வூதியம் வரும். அவர் தேடுவது அடுத்த வேலையைத்தான், கல்லூரி வகுப்பறையை அன்று. ஆனால் 2022ஆம் ஆண்டில் அறிவிக்கப்பட்ட அக்னிபத் திட்டம் இந்தக் கணக்கை மாற்றிவிட்டது. நான்கு ஆண்டுப் பணியை முடித்து, இருபதுகளின் முற்பகுதியிலேயே வெளியே வரும் இளைஞர்களுக்குக் கல்லூரி இயல்பான அடுத்த படி. அவர்களுக்கு ஓய்வூதியமும் இல்லை.

கேரள மாநிலம் இடுக்கி மாவட்டத்தின் பீர்மேடு வட்டம் போன்ற மலைப்பகுதிகளில் இக்கேள்வி கூடுதல் கனம் பெறுகிறது. வண்டிப்பெரியாறு, ஏலப்பாறை, பீர்மேடு சுற்றுவட்டாரத் தேயிலைத் தோட்டங்களில் தலைமுறைகளாக வாழும் தமிழ்க் குடும்பங்களில் பலவற்றுக்குச் சொந்த வீடு கிடையாது. அவர்கள் குடியிருக்கும் லயம், தோட்ட நிர்வாகத்துக்கு உரியது. தோட்டத்தில் வேலை செய்யும் வரை மட்டுமே அந்தக் கூரை. மகன் படையிலிருந்து திரும்பும்போது தந்தையும் தாயும் தோட்ட வேலையிலிருந்து ஓய்வு பெற்றிருந்தால், 'வீட்டிலிருந்தே படிக்கலாமே' என்ற அறிவுரைக்கு அங்கே பொருள் இருக்காது.

பணியில் உண்டு, ஓய்வில் இல்லை

படையில் பணியாற்றும் காலத்தில் குடியிருப்புக்கான ஏற்பாடு தெளிவாக வகுக்கப்பட்டுள்ளது. முகாமில் அல்லது அரசுக் குடியிருப்பில் இடம் தரப்படும். இடம் கிடைக்காத தகுதியுடையோருக்கு வீட்டு வாடகைப் படி உண்டு. மத்திய அரசு ஊழியர்களைப் போலவே நகரங்கள் எக்ஸ், ஒய், இசட் என மூன்று வகையாகப் பிரிக்கப்பட்டு, அதற்கேற்பப் படியின் விழுக்காடு மாறுகிறது. ஏழாவது ஊதியக் குழுவின் முறைப்படி, அகவிலைப்படி 50 விழுக்காட்டை எட்டிய பின் இந்த விகிதம் அடிப்படை ஊதியத்தில் முறையே 30, 20, 10 விழுக்காடு ஆனது.

பணி முடியும் நாளில் இந்தப் படியும் முடிகிறது. ஓய்வூதியத்தில் அடிப்படைத் தொகையும் அகவிலை நிவாரணமும் உண்டு; வாடகைப் படி என்ற கூறு கிடையாது. எனவே, ஓய்வுக்குப் பின் கல்லூரியில் சேரும் ஒருவர் விடுதிக் கட்டணத்தையோ அறை வாடகையையோ ஓய்வூதியத்திலிருந்துதான் செலுத்த வேண்டும்.

முன்னாள் படைவீரருக்கென நேரடியாக உள்ள பயிற்சி ஏற்பாடு, பாதுகாப்பு அமைச்சகத்தின் கீழ் இயங்கும் மறுகுடியமர்வுத் தலைமை இயக்குநரகம் நடத்தும் படிப்புகள்தாம். ஓய்வு பெறுவதற்கு முந்தைய காலத்திலேயே இவற்றில் சேரலாம். இளநிலை அதிகாரிகளுக்கும் சிப்பாய், ஹவில்தார் உள்ளிட்ட பிற தரத்தினருக்கும் கட்டணம் முழுவதையும் அரசே ஏற்கிறது. அதிகாரிகளுக்கு 60 விழுக்காட்டை அரசு ஏற்க, எஞ்சியதை அவர்கள் செலுத்துகின்றனர். இந்திய மேலாண்மைக் கழகங்களில் அதிகாரிகளுக்கு நடத்தப்படும் ஆறு மாதப் படிப்பு இவற்றுள் பெயர் பெற்றது. இவையெல்லாம் வேலைக்கான குறுகிய காலப் பயிற்சிகள். மூன்று ஆண்டு பட்டப் படிப்புக்கான ஆதரவாக இவற்றைக் கருத முடியாது.

இங்கே ஒரு குழப்பத்தையும் தீர்த்துக்கொள்வது நல்லது. மெட்ரிக் தேர்ச்சியோ படையின் கல்விச் சான்றிதழோ உடையவர் 15 ஆண்டுப் பணியை நிறைவு செய்தால், பட்டப் படிப்பைத் தகுதியாகக் கோரும் மத்திய அரசின் குரூப் சி பணியிடங்களுக்கு அவர் தகுதியுடையவராகக் கருதப்படலாம். வேலைவாய்ப்புக்காக வழங்கப்படும் சலுகை இது. பல்கலைக்கழகப் பட்டம் ஆகாது. முதுகலை படிக்கவோ, ஆசிரியர் பயிற்சியில் சேரவோ விரும்புபவர் கல்லூரியில் பயின்றே பட்டம் பெற வேண்டும். 'பட்டதாரிக்கு இணை' என்ற சான்றை நம்பிச் சேர்க்கைக்குச் சென்று திரும்ப நேராதிருக்க, இதை முன்கூட்டியே அறிந்திருப்பது உதவும்.

பிள்ளைகளுக்கும் கணவரை இழந்தோருக்கும் உள்ள உதவிகள்

பிரதமர் கல்வி உதவித்தொகைத் திட்டம் 2006-07இல் தொடங்கப்பட்டது. தேசியப் பாதுகாப்பு நிதியிலிருந்து வழங்கப்படும் இத்தொகை, முன்னாள் படைவீரர்களின் பிள்ளைகளுக்கும் கணவரை இழந்த மனைவியருக்கும் உரியது. பொறியியல், மருத்துவம், கல்வியியல், மேலாண்மை, கணினிப் பயன்பாடு போன்ற தொழிற்படிப்புகளில் முதலாம் ஆண்டு சேர்வோர் விண்ணப்பிக்கலாம். தகுதித் தேர்வில் குறைந்தது 60 விழுக்காடு மதிப்பெண் தேவை. ஆண்டுக்கு 5,500 பேருக்கு வழங்கப்படுகிறது. மாணவர், மாணவியர் இரு பாலருக்கும் சரிபாதி. 2019ஆம் ஆண்டு மே மாதம், இரண்டாம் முறையாகப் பதவியேற்ற நரேந்திர மோடி அரசின் முதல் முடிவாக இத்தொகை உயர்த்தப்பட்டது. மாணவர்களுக்கு மாதம் 2,000 ரூபாயிலிருந்து 2,500 ரூபாயாகவும், மாணவியருக்கு 2,250 ரூபாயிலிருந்து 3,000 ரூபாயாகவும் ஆனது.

தொகை மாதக் கணக்கில் சொல்லப்பட்டாலும், வழங்கப்படுவது ஆண்டுக்கு ஒரு முறை. அதாவது மாணவருக்கு ஆண்டுக்கு 30,000 ரூபாய். மாணவிக்கு 36,000 ரூபாய். கல்விக் கட்டணம், புத்தகம், விடுதி என்ற பாகுபாடு இதில் இல்லை. வீட்டிலிருந்து நடந்தே கல்லூரிக்குப் போகும் மாணவிக்கும், மலையிறங்கி வேறு மாவட்டத்தில் அறை எடுத்துத் தங்கும் மாணவிக்கும் ஒரே தொகைதான். ஊருக்கு ஊர் வாடகை மாறும் என்பது இத்திட்டத்தின் கணக்கில் இல்லை.

இன்னொன்று, பாதுகாப்பு அமைச்சரின் முன்னாள் படைவீரர் நல நிதியிலிருந்து வழங்கப்படும் கல்வி மானியம். ஹவில்தார் தரம் வரையிலான முன்னாள் படைவீரர்களின் இரண்டு பிள்ளைகள் வரை, ஒன்றாம் வகுப்பு முதல் பட்டப் படிப்பு வரை இதைப் பெறலாம். கணவரை இழந்த மனைவியர் இரண்டு ஆண்டு முதுகலை படிப்பதற்கும் உண்டு. நெடுங்காலம் தலைக்கு மாதம் 1,000 ரூபாயாக இருந்த இம்மானியம், 2025ஆம் ஆண்டு அக்டோபரில் 2,000 ரூபாயாக உயர்த்தப்பட்டது. அந்த ஆண்டு நவம்பர் 1 முதல் அளிக்கப்படும் விண்ணப்பங்களுக்கு உயர்த்தப்பட்ட விகிதம் பொருந்தும். இது படித்து முடித்த வகுப்பின் தேர்ச்சியைக் காட்டிப் பெறும் தொகை என்பதைக் குடும்பங்கள் கவனத்தில் கொள்ள வேண்டும். விடுதிக் கட்டணத்தைக் கல்லூரி ஆண்டின் தொடக்கத்திலேயே கேட்கும். மானியம் ஆண்டு முடிந்த பின்னரே வரும். இடைப்பட்ட காலத்தை நிரப்புவது பெரும்பாலும் கடன்தான்.

தங்கும் செலவை வெளிப்படையாகப் பெயர் சொல்லி ஏற்கும் இந்தியத் திட்டம் ஒன்று உண்டு. 1971ஆம் ஆண்டுப் போரை அடுத்து அறிவிக்கப்பட்டு, 1972 முதல் நடைமுறையில் உள்ள கல்விச் சலுகைத் திட்டம் அது. போரிலும் அத்தகைய நடவடிக்கைகளிலும் உயிரிழந்த, காணாமற்போன, நிரந்தரமாக உடல் ஊனமுற்ற படைவீரர்களின் பிள்ளைகளுக்குப் பள்ளி முதல் முதற்பட்டம் வரை கல்விக் கட்டணமும் விடுதிக் கட்டணமும் முழுமையாகத் திருப்பி அளிக்கப்பட்டன. ஏழாவது ஊதியக் குழுப் பரிந்துரைகளை நடைமுறைப்படுத்தியபோது, 2017ஆம் ஆண்டில், இவ்விரண்டும் சேர்ந்து மாதம் 10,000 ரூபாய்க்கு மேல் போகக் கூடாது என்று உச்சவரம்பு விதிக்கப்பட்டது.

இந்த வரம்பு யாரைத் தாக்கியது என்று பார்த்தால் விடுதியின் முக்கியத்துவம் விளங்கும். வீட்டுக்கு அருகே, கட்டணம் குறைந்த கல்லூரியில் பயின்றோரை அது தொடவே இல்லை. ஊரைவிட்டுப் போய், விடுதியில் தங்கி, செலவு மிகுந்த தொழிற்படிப்பைப் படித்தோரையே தாக்கியது. அப்போதைய கடற்படைத் தளபதி அட்மிரல் சுனில் லான்பா, வரம்பை நீக்குமாறு பாதுகாப்பு அமைச்சருக்குக் கடிதம் எழுதினார். நாடாளுமன்றத்திலும் இப்பிரச்சினை எழுந்தது. 2018ஆம் ஆண்டு மார்ச்சில் உச்சவரம்பு நீக்கப்பட்டது. அரசு, அரசு உதவி பெறும் நிறுவனங்கள், சைனிக் மற்றும் ராணுவப் பள்ளிகள், மத்திய அல்லது மாநில அரசின் அங்கீகாரம் பெற்ற பிற கல்வி நிறுவனங்கள் ஆகியவற்றில் பயில்வோருக்கே சலுகை என்ற நிபந்தனை தொடர்கிறது. திட்டத்தில் உள்ள சொல் 'விடுதிக் கட்டணம்' என்பதே. கல்லூரிக்கு வெளியே தனியார் வீட்டில் எடுக்கும் அறையின் வாடகை வேறு.

இதே பிரிவினருக்காகப் படைப்பிரிவு மையங்களை ஒட்டி நடத்தப்படும் போர் நினைவு விடுதிகளும் உள்ளன. நாடு முழுவதும் 36 விடுதிகள். அங்கு தங்கும் பிள்ளைகளுக்கு மத்திய சைனிக் வாரியம் மாத மானியம் வழங்குகிறது. முன்னாள் படைவீரர் பயணத்தின்போது குறைந்த கட்டணத்தில் தங்கும் சைனிக் ஓய்வு இல்லங்கள் பல மாவட்டங்களில் இருக்கின்றன. அவை சில நாள் தங்கலுக்கானவை. கல்வியாண்டு முழுவதும் தங்கிப் படிப்பதற்கான இடங்கள் அல்ல.

வாடகையைக் கல்லூரியோடு கட்டிய சட்டம்

அமெரிக்காவின் அணுகுமுறை வேறொரு வரலாற்றிலிருந்து வந்தது. இரண்டாம் உலகப் போர் முடியும் முன்பே, 1944ஆம் ஆண்டு ஜூன் 22 அன்று, அதிபர் பிராங்க்ளின் ரூஸ்வெல்ட் படைவீரர் மறுவாழ்வுச் சட்டத்தில் கையெழுத்திட்டார். ஜி.ஐ. சட்டம் என்று மக்கள் வழக்கில் அழைக்கப்பட்டது அதுதான். ஆண்டுக்கு 500 டாலர் வரை கல்விக் கட்டணமும், தனியாக இருப்பவருக்கு மாதம் 50 டாலரும், குடும்பம் உள்ளவருக்கு 75 டாலரும் வாழ்க்கைச் செலவுப் படியாக வழங்கப்பட்டன. படி பின்னர் உயர்த்தப்பட்டது. சுமார் 22 லட்சம் பேர் இதன் வழியாகக் கல்லூரிக்குச் சென்றனர். 1947ஆம் ஆண்டில் கல்லூரிச் சேர்க்கையில் ஏறத்தாழப் பாதிப் பேர் முன்னாள் படைவீரர்கள். அவர்களைத் தங்கவைக்க இடம் போதாமல், பல்கலைக்கழக வளாகங்களில் தகரக் கொட்டகைகளும் இழுவை வண்டி வீடுகளும் வரிசையாக நின்றன. சட்டம் எல்லோருக்கும் பொதுவாக எழுதப்பட்டிருந்தபோதும், தென் மாநிலங்களில் நிலவிய நிறவேற்றுமையால் கறுப்பினப் படைவீரர்கள் அதன் பலனைச் சமமாகப் பெற முடியவில்லை என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

அதே போரில் இந்தியாவிலிருந்தும் லட்சக்கணக்கானோர் போரிட்டனர். இங்கே அன்றைய அரசு தேர்ந்த வழி வேறு. படையில் சேர்ந்த ஒவ்வொருவரின் பேரிலும் சிறு தொகை ஒதுக்கப்பட்டு, போருக்குப் பிந்தைய மறுசீரமைப்பு நிதியாகத் திரட்டப்பட்டது. அந்நிதி மாகாணங்களுக்குப் பிரித்தளிக்கப்பட்டு, பொதுவான நலத் திட்டங்களுக்குப் பயன்பட்டது. தனி மனிதர் கையில் மாதந்தோறும் பணம், பொது நிதியிலிருந்து நலத்திட்டம் என்ற அந்த வேறுபாட்டின் தடம் இன்றைய விதிகளிலும் தெரிகிறது.

இன்று அமெரிக்காவில் நடைமுறையில் இருப்பது, 2008ஆம் ஆண்டு ஜூன் 30 அன்று சட்டமாகி, 2009 ஆகஸ்ட் 1 முதல் செயல்படும் ஏற்பாடு. 2001 செப்டம்பர் 11க்குப் பின் பணியாற்றியோருக்கானது. வியட்நாம் போரில் பங்கேற்ற செனட்டர் ஜிம் வெப் இதை முன்மொழிந்தார். அதற்கு முந்தைய திட்டத்தில் ஒரே மாதத் தொகை தரப்பட்டு, கட்டணமா வாடகையா என்பதைப் படைவீரரே பார்த்துக்கொள்ள வேண்டியிருந்தது. புதிய சட்டம் இரண்டையும் பிரித்தது. கல்விக் கட்டணம் நேரடியாகக் கல்லூரிக்குப் போகும். வீட்டு வாடகைப் படி மாணவரின் கணக்குக்கு வரும். புத்தகங்களுக்கு ஆண்டுக்கு 1,000 டாலர் வரை தனி.

வாடகைப் படியின் அளவுகோல்தான் இதன் நுட்பமான பகுதி. பணியில் உள்ள, குடும்பத்துடன் வாழும் சார்ஜென்ட் தரத்து வீரர் ஒருவருக்கு அந்தப் பகுதியில் எவ்வளவு குடியிருப்புப் படி தரப்படுமோ, அதே தொகை மாணவருக்கும். பகுதி என்பது மாணவரின் சொந்த ஊரைக் குறிப்பதன்று. அவர் பெரும்பாலான வகுப்புகளுக்குச் செல்லும் வளாகத்தின் அஞ்சல் குறியீடு. நியூயார்க் நகரில் படிப்பவருக்கும் ஒரு சிற்றூர்க் கல்லூரியில் படிப்பவருக்கும் தொகை வெகுவாக வேறுபடும். மாணவருக்குக் குடும்பம் உண்டா இல்லையா என்று சட்டம் கேட்பதில்லை.

பணிக்காலத்துக்கேற்ப விழுக்காடு உண்டு. 36 மாதங்கள் பணியாற்றியவருக்கு 100 விழுக்காடு. குறைந்தபட்சம் 90 நாட்கள் பணியாற்றியவருக்கு 50 விழுக்காடு. இடையில் படிப்படியாக ஏறும். பணியில் ஏற்பட்ட ஊனத்தால் விடுவிக்கப்பட்டவர் தொடர்ந்து 30 நாட்கள் பணியாற்றியிருந்தாலே முழு அளவு கிடைக்கும். மொத்தம் 36 மாதப் படிப்புக் காலத்துக்கு, அதாவது வழக்கமான நான்கு கல்வியாண்டுகளுக்கு, உதவி உண்டு. பாதிக்கும் மேற்பட்ட பாடச்சுமையுடன் படித்தால்தான் வாடகைப் படி. முழுநேரம் என்பது 12 பாட அலகுகள் என்றால், ஒன்பது அலகுகள் எடுப்பவருக்கு விகிதம் முக்கால். அது பத்தில் எட்டாக முழுமையாக்கப்பட்டு 80 விழுக்காடு தரப்படும். இணைய வழியில் மட்டுமே படிப்பவருக்கு நாடு தழுவிய சராசரியில் பாதி. 2020ஆம் ஆண்டு மார்ச்சில் கொரோனாவால் வகுப்பறைகள் இணையத்துக்கு மாறியபோது, வாடகை அப்படியே இருக்கப் படி மட்டும் பாதியாகிவிடும் அபாயம் எழுந்தது. அமெரிக்க நாடாளுமன்றம் அதே மாதத்தில் சட்டம் இயற்றி அதைத் தடுத்தது.

இந்த முறையிலும் ஓட்டைகள் உண்டு. படி, மாதம் முடிந்த பின்னரே வரும். பருவ இடைவேளைகளுக்குப் படி இல்லை. 2011ஆம் ஆண்டு முதல் அது நிறுத்தப்பட்டது. வீட்டுக்காரர் விடுமுறைக்கும் சேர்த்துத்தான் வாடகை கேட்பார். 2017ஆம் ஆண்டுச் சட்டத்திருத்தத்தின்படி, தலைமை வளாகத்துக்குப் பதிலாக வகுப்பு நடக்கும் வளாகத்தைக் கொண்டு தொகையைக் கணக்கிட வேண்டியிருந்தது. அதற்கேற்பக் கணினி அமைப்பை மாற்ற முடியாமல், 2018ஆம் ஆண்டின் இலையுதிர் காலப் பருவத்தில் முன்னாள் படைவீரர் நலத்துறை தடுமாறியது. பலருக்குப் படி தாமதமாகவும் தவறாகவும் வந்தது. வாடகை செலுத்த முடியாமல் வீட்டைக் காலி செய்யும் நெருக்கடிக்கு ஆளானோரும் உண்டு. விதி எவ்வளவு தாராளமாக இருந்தாலும், வாடகை நாளில் பணம் கையில் இல்லையென்றால் மாணவருக்கு அது இல்லாததே.

மற்ற நாடுகள் இவ்வளவு தொலைவு போகவில்லை. கனடா 2018 ஏப்ரல் முதல், ஆறு ஆண்டு பணியாற்றியோருக்கு 40,000 கனடிய டாலர், 12 ஆண்டு பணியாற்றியோருக்கு 80,000 டாலர் என்ற உச்சவரம்புடன் கல்வி உதவியைத் தொடங்கியது. விலைவாசிக்கேற்ப வரம்பு உயர்த்தப்படுகிறது. கட்டணம் போக, படிக்கும் காலத்து வாழ்க்கைச் செலவுக்கும் அதைப் பயன்படுத்தலாம். பிரிட்டனின் உதவி பெரும்பாலும் கல்விக் கட்டணத்தோடு நின்றுவிடுகிறது.

அக்னிவீரர் கையில் உள்ள கணக்கு

2022ஆம் ஆண்டு ஜூன் 14 அன்று அறிவிக்கப்பட்ட அக்னிபத் திட்டத்தில், பதினேழரை வயது முதல் சேர்க்கை நடைபெறுகிறது. பணிக்காலம் நான்கு ஆண்டுகள். அதன் முடிவில் 25 விழுக்காடு வரையிலானோர் நிரந்தரப் பணிக்குத் தேர்வு செய்யப்படுவர், எஞ்சியோர் வெளியேறுவர். கடற்படையில் 2022 நவம்பரிலும், தரைப்படையில் 2023 தொடக்கத்திலும் பயிற்சி தொடங்கிய முதல் அணியினருக்கு 2026 இறுதியிலும் 2027 தொடக்கத்திலும் நான்கு ஆண்டுகள் நிறைவடைகின்றன.

வெளியேறுவோருக்கு ஓய்வூதியமோ பணிக்கொடையோ இல்லை. முன்னாள் படைவீரர் என்ற தகுதியும் இல்லை. எனவே மேலே சொன்ன உதவித் திட்டங்களின் கதவும் அவர்களுக்கு இயல்பாகத் திறக்காது. அவர்களுக்குக் கிடைப்பது சேவா நிதி. மாத ஊதியத்தில் 30 விழுக்காடு பிடித்தம் செய்யப்பட்டு, அதே அளவு தொகையை அரசும் செலுத்துகிறது. முதலாம் ஆண்டு ஊதியம் 30,000 ரூபாய் என்றால் கையில் வருவது 21,000. நிதிக்குப் போவது 9,000. நான்கு ஆண்டுகளில் வீரரின் பங்கு சுமார் 5.02 லட்சம், அரசின் பங்கும் அவ்வளவே, வட்டியுடன் சேர்த்து ஏறத்தாழ 11.71 லட்சம் ரூபாய். இதற்கு வருமான வரி கிடையாது.

இத்தொகையை மூன்று ஆண்டுப் பட்டப் படிப்புக்கான 36 மாதங்களால் வகுத்தால் மாதம் சுமார் 32,500 ரூபாய் வருகிறது. காகிதத்தில் இது அமெரிக்கப் படிக்கு ஈடான ஏற்பாடு போலத் தோன்றலாம். ஆனால் இரண்டுக்கும் அடிப்படையில் வேறுபாடு உண்டு. அங்கே படி என்பது படித்தால் மட்டும் வரும் கூடுதல் தொகை. படிக்காதவர் அதை இழக்கிறார். இங்கே சேவா நிதி, பிழைப்புக்கும் தொழிலுக்கும் வீட்டுக்கும் திருமணத்துக்கும் சகோதரியின் கல்விக்கும் பொதுவான ஒரே பை. அறைக்கும் உணவுக்கும் மாதம் 8,000 ரூபாய் ஆகிறது என்று வைத்துக்கொள்வோம். மூன்று ஆண்டுகளில் 2.88 லட்சம்; மொத்த நிதியில் ஏறத்தாழக் கால் பங்கு. கல்விக் கட்டணம் அதற்கு மேல். படிக்கும் முடிவை எடுப்பவர், அந்தப் பணத்தை வேறு எதற்கும் பயன்படுத்தாமல் இருக்கும் முடிவையும் சேர்த்தே எடுக்க வேண்டியிருக்கிறது. அமெரிக்கச் சட்டத்தின் அளவுகோலில் நான்கு ஆண்டுப் பணி என்பது முழு வாடகைப் படிக்குத் தேவையான 36 மாதங்களைத் தாண்டியது என்பதையும் இங்கே குறிப்பிடலாம்.

கல்வி பற்றி அரசு செய்துள்ள ஏற்பாடு, தொலைநிலைக் கல்வி சார்ந்தது. பத்தாம் வகுப்பு முடித்துச் சேர்ந்தவர்கள் தேசியத் திறந்தநிலைப் பள்ளி வழியாகப் பன்னிரண்டாம் வகுப்புச் சான்று பெறலாம். இந்திரா காந்தி தேசியத் திறந்தநிலைப் பல்கலைக்கழகம் அக்னிவீரர்களுக்கென வகுத்த மூன்று ஆண்டுப் பட்டப் படிப்பில், பாட அலகுகளில் 50 விழுக்காடு அவர்களது படைப் பயிற்சிக்காகவே கணக்கில் கொள்ளப்படும். பணியிலிருந்தபடியே பட்டத்தை நோக்கி நகர முடியும் என்பது மறுக்க முடியாத வசதி. இந்த வழியில் விடுதி, வாடகை என்ற கேள்வியே எழாமல் போகிறது. செவிலியர் படிப்போ பொறியியலோ சட்டமோ ஆய்வகம் வேண்டும் அறிவியலோ படிக்க விரும்புபவருக்குத்தான் அது மீண்டும் எழுகிறது. அவர் கல்லூரி இருக்கும் ஊரில் இருந்தாக வேண்டும்.

மலையில் ஓர் அறை

பீர்மேடு வட்டத்தில் உயர்கல்வி இல்லாமல் இல்லை. குட்டிக்கானத்தில் 1995ஆம் ஆண்டு தொடங்கப்பட்ட மரியன் கல்லூரி இன்று தன்னாட்சிக் கல்லூரியாகக் கோட்டயம் மகாத்மா காந்தி பல்கலைக்கழகத்தின் கீழ் இயங்குகிறது. அதே பகுதியில் மார் பசேலியோஸ் பொறியியல் கல்லூரி உள்ளது. கட்டப்பனையில் அரசுக் கல்லூரி இருக்கிறது. மலைக்கு மறுபுறம் கம்பம், தேனி வழியாக மதுரை வரை தமிழ்நாட்டுக் கல்லூரிகள். ஆனால் இடுக்கி மாவட்டத்தில் ரயில் பாதையே கிடையாது. கொல்லம்–தேனி தேசிய நெடுஞ்சாலையை ஒட்டிய ஊர்களுக்குப் பேருந்து உண்டு; உள்ளே தள்ளியிருக்கும் தோட்டங்களிலிருந்து காலை வகுப்புக்கு வந்து மாலை திரும்புவது மழைக்காலத்தில் நாள்தோறும் நடக்கும் காரியமன்று. வரைபடத்தில் இருபது கிலோமீட்டர் என்று தெரிவது, மண்சரிவு நேரும் ஆடி மாதத்தில் வேறு கணக்கு. இங்கே விடுதி ஒரு சொகுசுத் தேவை அன்று.

தோட்டத் தொழிலாளருக்கும் அவர் குடும்பத்துக்கும் வீடு தருவது நிர்வாகத்தின் கடமை என்று 1951ஆம் ஆண்டின் தோட்டத் தொழிலாளர் சட்டம் வகுத்தது. அந்தக் கடமை வேலையில் உள்ள தொழிலாளரை ஒட்டியது. படையில் சேர்ந்த மகன் தொழிலாளர் அல்லர். திரும்பி வந்து மாணவரானாலும் அல்லர். பெற்றோரில் ஒருவர் வேலையில் இருக்கும்வரை ஒரே அறை லயத்தில் அவருக்கும் ஒரு மூலை கிடைக்கும். 2000ஆம் ஆண்டு வாக்கில் பீர்மேடு வட்டாரத்தில் தோட்டங்கள் சில மூடப்பட்டன. அங்கே லயங்களைப் பழுதுபார்க்க யாரும் இல்லாமல், ஒழுகும் கூரைக்குக் கீழே குடும்பங்கள் ஆண்டுக்கணக்கில் வாழ்ந்தன.

எல்லைப்புறத் தமிழ்க் குடும்பங்களுக்கு நடைமுறையில் வரும் இன்னொரு சிக்கல், எந்த மாநிலத்தில் பதிவு செய்வது என்பது. மத்திய அரசின் திட்டங்கள் எங்கு வாழ்ந்தாலும் ஒன்றே. மாநில அரசுகள் தரும் கல்வி உதவித்தொகை, தொழிற்படிப்புச் சேர்க்கையில் முன்னாள் படைவீரரின் பிள்ளைகளுக்கான ஒதுக்கீடு ஆகியவை அந்தந்த மாநிலத்தின் இருப்பிட விதிகளைப் பொறுத்தவை. தோட்டத்தில் பிறந்து, கம்பத்தில் வீடு வாங்கிக் குடியேறிய ஓய்வுபெற்ற ஹவில்தார், கேரளத்தில் பதிவை வைத்துக்கொண்டு தமிழ்நாட்டு உதவிக்கு விண்ணப்பித்தால் அது ஏற்கப்படாமல் போகலாம். குடியேறிய மாவட்டத்தின் முன்னாள் படைவீரர் நல அலுவலகத்துக்குப் பதிவை மாற்றிக்கொள்வதே முதல் வேலை. மகளின் கல்லூரிச் சேர்க்கைக்கு ஓர் ஆண்டு முன்பே அதைச் செய்துவிடுவது நல்லது. சேர்க்கை மாதத்தில் அலுவலகத்துக்கு அலுவலகம் கோப்பு நகரக் காத்திருக்க முடியாது.

பிரதமர் கல்வி உதவித்தொகைக்கும் கல்வி மானியத்துக்கும் மத்திய சைனிக் வாரியத்தின் இணையதளத்தில் விண்ணப்பிக்க வேண்டும். விண்ணப்பத்தை மாவட்ட அலுவலகம் சரிபார்த்து மேலே அனுப்பும். பணி விடுவிப்புப் புத்தகம், முன்னாள் படைவீரர் அடையாள அட்டை, பிள்ளையின் பெயர் படை ஆவணத்தில் பதிவாகியிருப்பதற்கான சான்று, மதிப்பெண் பட்டியல், வங்கிக் கணக்கு விவரம் ஆகியவை அடிப்படை. விண்ணப்பங்கள் அதிகம் சிக்குவது பெயரில்தான். படை ஆவணத்தில் ஆங்கிலத்தில் ஒருவிதமாகவும், மலையாளப் பள்ளிச் சான்றில் வேறுவிதமாகவும், ஆதாரில் மூன்றாவது விதமாகவும் தமிழ்ப் பெயரும் தலைப்பெழுத்தும் எழுதப்பட்டிருந்தால், மூன்றையும் ஒன்றாக்கிய பின்னரே விண்ணப்பிப்பது காலத்தை மிச்சப்படுத்தும். வேறு அரசுக் கல்வி உதவி பெறுவோர், இரண்டையும் சேர்த்துப் பெறலாமா என்பதை அலுவலகத்தில் முன்கூட்டியே கேட்டறிய வேண்டும். பிரதமர் உதவித்தொகையை அடுத்தடுத்த ஆண்டுகளுக்குப் புதுப்பிக்க, ஒவ்வோர் ஆண்டும் குறைந்தது 50 விழுக்காடு மதிப்பெண் எடுத்திருக்க வேண்டும்.

பணி முடித்து வெளியேறும் அக்னிவீரர்கள், கல்லூரியைத் தேர்வு செய்யும் முன் திறன் சான்றிதழையும், திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்த பாட அலகுகளின் விவரத்தையும் கையில் பெற்றுக்கொள்ள வேண்டும். விடுதிக் கட்டணம் ஆண்டுக்கு ஒரு முறையா, பருவத்துக்கு ஒரு முறையா, முன்பணம் எவ்வளவு, விடுமுறைக்கும் கட்டணம் உண்டா என்ற கேள்விகளைச் சேர்க்கைக்கு முன்பே கல்லூரியிடம் எழுத்து மூலம் கேட்டுப் பெறலாம். சேவா நிதி ஒரே தவணையில் கணக்குக்கு வந்து சேரும்போது, மூன்று ஆண்டு விடுதிச் செலவை முதலிலேயே தனி வைப்புத் தொகையாகப் பிரித்து வைக்க முடிகிறதா என்பதைக் குடும்பத்துடன் பேசி முடிவு செய்ய வேண்டியிருக்கும்.